சொன்னதைச் செய்யும் பூட்டும் சொன்னவரைச் சோதிக்கும் பூட்டும்

காரின் எலெக்ட்ரானிக் ஸ்டீயரிங் லாக்கில் கெட்டுப்போவது பெரும்பாலும் ஓர் அற்பமான பொருள்தான். விரல் நீள மோட்டார், அல்லது அதற்கு மின்சாரம் விடும் ரிலே. கடையில் சில்லறைக் காசுக்குக் கிடைக்கும் சரக்கு. ஆனால் அது கெட்டதால் வரும் பில் காருக்குக் கார் மாறுகிறது. ஒரு காரில் ஒரு ஃபியூஸைப் பிடுங்கினால் தீர்ந்துபோகிற சங்கதி, இன்னொரு காரில் புது பைக் வாங்குகிற செலவாகிவிடுகிறது. இந்த வேறுபாடு எங்கிருந்து வருகிறது என்பதற்கு இரண்டு கார்களை எடுத்துப் பார்க்கலாம். ஒன்று, 1997 முதல் 2004 வரை வந்த ஐந்தாம் தலைமுறை செவ்ரோலே கார்வெட். மற்றொன்று, 2007இல் அறிமுகமாகி 2014 வரை வந்த மெர்சிடிஸ் பென்ஸ் சி-கிளாஸ்; மெக்கானிக்குகள் டபிள்யூ204 என்று சொல்லும் வண்டி. இரண்டிலும் ஸ்டீயரிங் லாக் பேர்போன தலைவலி.

முதலில் இந்தப் பூட்டு ஏன் வந்தது என்று பார்த்துவிடுவோம். மேற்கு ஜெர்மனி 1961இலேயே ஸ்டீயரிங் லாக்கைக் கட்டாயமாக்கியது. அமெரிக்காவில் திருட்டுத் தடுப்புக்கான 114ஆம் எண் பாதுகாப்பு விதி 1970 ஜனவரி 1 முதல் அமலானது. பிரிட்டனில் 1971 முதல் புதிய கார்களுக்கு இது வந்தது. ஜெர்மனியில் ஓடிக்கொண்டிருந்த பழைய கார்களுக்கும் சேர்த்தே உத்தரவு போட்டதால் கார் திருட்டு இறங்கியது. பிரிட்டனில் புதிய கார்களுக்கு மட்டும் என்றதால் திருடர்கள் பழைய கார்கள் பக்கம் திரும்பிக்கொண்டார்கள். குற்றவியல் மாணவர்களுக்கு இன்றும் பாடமாகச் சொல்லப்படும் கதை இது.

அந்தக் காலப் பூட்டில் மின்சாரத்துக்கு வேலையே இல்லை. சாவித் துவாரம் ஸ்டீயரிங் தண்டின் மேலேயே இருந்தது. சாவியைத் திருப்பினால் உள்ளே இருக்கும் நாக்கு பின்வாங்கும், சாவியை எடுத்தால் முன்னே வந்து தண்டின் பள்ளத்தில் விழும். எப்போதாவது சிக்கிக்கொள்ளும். சக்கரம் நடைபாதை விளிம்பை முட்டி நின்றிருந்தால் அந்த அழுத்தம் முழுக்க நாக்கின் மேல் விழும், சாவி திரும்பாது. ஸ்டீயரிங்கை இடமும் வலமும் லேசாக ஆட்டிக்கொண்டே சாவியைத் திருப்ப வேண்டும் என்று கார் ஓட்டக் கற்ற முதல் வாரத்திலேயே யாராவது சொல்லிக் கொடுத்திருப்பார்கள்.

கார்வெட்டிலும் சி-கிளாஸிலும் சாவி தண்டை விட்டு டேஷ்போர்டுக்குப் போய்விட்டது. சாவிக்கும் தண்டுக்கும் இடையே இரும்பு உறவு இல்லை. அந்த இடைவெளியைக் கம்பியாலும் மோட்டாராலும் இட்டு நிரப்பினார்கள். இதுவரை இரண்டு கார்களும் ஒரே பாதையில்தான் வருகின்றன. இதற்குப் பிறகுதான் பிரிகின்றன.

கார்வெட்டில் அந்தப் பூட்டு வெறும் ஏவலாள். பயணியின் கால் வைக்கும் இடத்துக்கு அடியில் பாடி கன்ட்ரோல் மாட்யூல் என்னும் பெட்டி இருக்கிறது. சாவியை எடுத்தால் அது ‘பூட்டு’ என்று மின்சாரம் அனுப்பும். சாவியைத் திருப்பினால் ‘திற’ என்று அனுப்பும். பூட்டு யாரையும் எதுவும் கேட்காது, மின்சாரம் வந்தால் அசையும். சாவி அசலா நகலா என்று பார்க்கும் வேலை வேறிடத்தில் நடக்கிறது. அந்தக் கார்வெட்டின் சாவித் தண்டில் ஒரு கறுப்புப் புள்ளி இருக்கும். அது ஒரு மின்தடை. மொத்தமே 15 அளவுகள்தான். உங்கள் சாவியின் அளவு பொருந்தினால் ஸ்டார்ட் ஆகும். இன்றைய கணக்கில் இது குழந்தைத்தனமான காவல். ஆனால் நமக்கு இங்கே முக்கியமானது வேறு: அந்த ரகசியத்துக்கும் ஸ்டீயரிங் பூட்டுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை.

பூட்டு திறக்காவிட்டால் டேஷ்போர்டில் ‘சாவியை எடு, 10 நொடி காத்திரு’ என்று செய்தி வரும். காத்திருந்து மறுபடி போட்டும் திறக்கவில்லை என்றால் ‘ஸ்டீயரிங் லாக்கைப் பழுது பார்’ என்று வரும். காரணம் ரிலேயாக இருக்கலாம், மாட்யூலாக இருக்கலாம், பேட்டரி தளர்ந்ததாலும் இருக்கலாம். மோசமான பகுதி இனிமேல்தான். பூட்டு திறக்காமலேயே இன்ஜின் ஸ்டார்ட் ஆகும். வண்டி நகரத் தொடங்கினால் எரிபொருளை நிறுத்தி அதை அடக்குவதுதான் கடைசிக் காவல். அந்தக் காவலும் தவறினால் திருப்ப முடியாத ஸ்டீயரிங்குடன் முந்நூறு குதிரைத்திறனுக்கு மேல் கொண்ட ஒரு கார் தெருவில் இறங்கும். சரிந்து ஓடும் பாதையில் வீடு இருப்பவரை நினைத்துப் பாருங்கள்.

2004இல் செவ்ரோலேயின் தாய் நிறுவனமான ஜெனரல் மோட்டார்ஸ் இந்தக் கார்களுக்குத் திரும்ப அழைப்பு விட்டது. ஆட்டோமேட்டிக் வண்டிகளில் செய்த வைத்தியம் எனக்குப் பிடித்தமானது: பூட்டும் தட்டையே கழற்றி வீசிவிட்டார்கள். நாக்கு வெளியே வந்தாலும் அது விழப் பள்ளம் கிடையாது. அமெரிக்க விதி, சாவியை எடுத்தபின் ஸ்டீயரிங் திரும்பக்கூடாது அல்லது வண்டி தானாக முன்னே போகக்கூடாது, இரண்டில் ஒன்று இருந்தால் போதும் என்கிறது. ஆட்டோமேட்டிக்கில் கியர் ‘பார்க்’ நிலையில் பூட்டிக்கொள்வதால் இரண்டாவது நிபந்தனை நிறைவேறிவிடுகிறது. மேனுவல் வண்டிக்காரர்களுக்கு இந்தச் சலுகை இல்லை. அவர்களுக்குப் பூட்டு அப்படியே இருக்க, இன்ஜின் கம்ப்யூட்டரின் புரோகிராமைத்தான் மாற்றினார்கள். பூட்டு திறக்காவிட்டால் எரிபொருள் நிச்சயமாக நிற்கும். ஆபத்து போனது, நடுவழியில் நிற்கும் அவஸ்தை போகவில்லை. அதனால்தான் மேனுவல் வைத்திருந்தவர்கள் பலர் பூட்டுக்கும் மாட்யூலுக்கும் நடுவே மாட்டும் ஒரு சின்னக் கருவியை வெளிச்சந்தையில் வாங்கிப் பொருத்தி, பூட்டை எப்போதும் திறந்த நிலையிலேயே நிறுத்தி வைத்தார்கள். இதற்குப் பெரிய படிப்போ ஸ்கேனரோ தேவைப்படவில்லை. ஏவலாளை ஏமாற்றுவது எளிது.

நிசான் 370இசட்டிலும் ஓர் எளிய வழி உண்டு. அதில் பூட்டு ஒருமுறை திறந்ததும் அதற்குரிய ஃபியூஸைப் பிடுங்கிவிட்டால் மறுபடி பூட்டாது. ஆரம்பத்தில் சொன்ன ஃபியூஸ் கதை இதுதான்.

இப்போது மெர்சிடிஸ். இதில் சாவி என்பதே சாவி அல்ல. செருகும் பிளாஸ்டிக் துண்டும் டேஷ்போர்டில் உள்ள இக்னிஷன் சுவிட்சும் அகச்சிவப்பு ஒளியில் பேசிக்கொள்கின்றன. இக்னிஷன் சுவிட்ச் சாவியை நம்பியதும் ஸ்டீயரிங் லாக்கிடம் சொல்கிறது. ஆனால் லாக் அந்தச் சொல்லை அப்படியே ஏற்பதில்லை. அதற்குள் தனியாக ஒரு சிப் இருக்கிறது. சொல்வது தன் காரின் சுவிட்ச்தானா என்று அது ரகசியக் குறியீட்டை வைத்துச் சோதிக்கும். வங்கி லாக்கரில் நம் சாவியும் மேனேஜர் சாவியும் சேர்ந்தால்தான் திறக்கும் என்பது மாதிரி. சோதனை முடிந்ததும் மோட்டார் சுழன்று நாக்கைப் பின்னிழுக்கும், உள்ளேயுள்ள சின்ன சுவிட்ச் ‘திறந்தாயிற்று’ என்று உறுதி சொல்லும். அதன் பிறகே இக்னிஷனுக்கு உயிர் வரும்.

இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும். கார்வெட்டில் இன்ஜின் முதலில், தடுப்பு பிறகு. மெர்சிடிஸில் பூட்டு திறந்தது உறுதியானால்தான் மற்ற எல்லாம். அதனால் மெர்சிடிஸின் பழுதில் உயிராபத்து வர வழியில்லை; கார் நின்ற இடத்திலேயே நிற்கும். பொறியியல் ஒழுங்கு என்ற வகையில் மெர்சிடிஸ்தான் சரி. இதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

ஆனால் அந்த மோட்டாரைக் கழற்றிப் பார்த்தவர்களுக்குக் கோபம் வரும். கார்பன் பிரஷ் தேய்ந்து மெலிந்திருக்கும், கம்யூட்டேட்டர் மேல் கரித்தூள் அப்பியிருக்கும். காரின் சென்ட்ரல் லாக்கில் இருக்கும் சாதாரண மோட்டார் வகை. ஒவ்வொரு முறை சாவியைச் செருகும்போதும் எடுக்கும்போதும் ஓடுகிறது என்பதால் வீட்டுக்கும் அலுவலகத்துக்கும் போய்வரும் காரை விட, நாள் முழுக்க நின்று நின்று போகும் காரில் சீக்கிரம் தேயும். நல்ல நிலையில் சாவியைச் செருகியதும் ஸ்டீயரிங்குக்கு அடியில் ‘சர்ர்க்’ என்று ஒரு சத்தம் கேட்கும். மோட்டார் செத்தபின் அந்தச் சத்தம் இருக்காது. சாவி திரும்ப மறுக்கும், அல்லது திரும்பினாலும் டேஷ்போர்டில் ஒரு விளக்கும் எரியாது. பேட்டரி போய்விட்டது என்று நினைத்துப் புது பேட்டரி போட்டு ஏமாந்தவர்கள் உண்டு. ஹெட்லைட் எரிகிறது, ஹாரன் அடிக்கிறது, ஆனால் சாவிக்கு மட்டும் அசைவில்லை என்றால் சந்தேகத்தை ஸ்டீயரிங் லாக் பக்கம் திருப்ப வேண்டும்.

சரி, மோட்டாரை மட்டும் மாற்றினால் போதாதா? சில சமயம் போதும். ஆனால் அந்தச் சிப், மோட்டார் திரும்பத் திரும்பத் தோற்றதைத் தன் நினைவில் எழுதி வைத்துக்கொண்டு, சில யூனிட்டுகளில் நிரந்தரமாகக் கதவைச் சாத்திவிடுகிறது. புது மோட்டார் போட்டாலும் அது மனம் மாறாது. அதன் நினைவைத் துடைக்கத் தனிக் கருவி வேண்டும். கம்பெனி வழியே போனால் லாக் முழுவதையும் புதிதாக வாங்க வேண்டும். அது திருட்டு சம்பந்தப்பட்ட பாகம் என்பதால் வண்டியின் எண்ணையும் உரிமையாளரின் ஆவணத்தையும் காட்டித்தான் ஆர்டர் போட முடியும், வந்தபின் கம்பெனியின் ஆன்லைன் அமைப்பு மூலம் அந்தக் காருக்கென்று பதிவு செய்ய வேண்டும். சில இடங்களில் லாக்கோடு இக்னிஷன் சுவிட்சும் சாவிகளும் சேர்த்தே மாற்றச் சொல்வார்கள். ஒரு பிரஷ் தேய்ந்ததற்கு இவ்வளவு தண்டம்.

இங்கேதான் இரண்டாவது கடை திறந்தது. சாவி வேலை பார்க்கும் நிபுணர்கள் இக்னிஷன் சுவிட்சிலிருந்து ரகசியத்தைப் படித்து, எமுலேட்டர் என்னும் சின்னப் பெட்டிக்குள் எழுதி, லாக் இருந்த இடத்தில் மாட்டிவிடுகிறார்கள். அது மோட்டார் இல்லாமலே ‘திறந்தாயிற்று’ என்று பதில் சொல்லும். சிலவற்றில் மோட்டார் சத்தத்தைக்கூடப் போலி செய்து வைத்திருப்பார்கள், உரிமையாளருக்கு மனக்குறை வரக்கூடாது என்று! வேலை விரைவாக முடியும், கம்பெனி பில்லை விடக் குறைவு. ஆனால் அதன்பின் அந்தக் காரில் ஸ்டீயரிங் லாக் என்ற ஒன்றே இல்லை. ஐரோப்பாவில் திருட்டுத் தடுப்புச் சாதனம் வாகன அங்கீகாரத்தின் ஒரு பகுதி. அங்கே இதைக் கழற்றினால் பரிசோதனையிலும் காப்பீட்டிலும் கேள்வி வரும்.

ஆக, கார்வெட்டில் நிறுவனமே பகிரங்கமாகச் செய்ததையும் மெர்சிடிஸில் தெருமுனைக் கடைக்காரர் செய்வதையும் பக்கத்தில் வைத்தால் முடிவு ஒன்றுதான்: இரண்டிலும் பூட்டு போய்விட்டது. வித்தியாசம் யார் பொறுப்பேற்றார்கள் என்பதில். கார்வெட் ஆட்டோமேட்டிக்கில் நிறுவனம் பொறுப்பேற்று, செலவையும் ஏற்றது. எமுலேட்டர் மாட்டிய மெர்சிடிஸில் பொறுப்பு முழுக்க உரிமையாளர் தலையில்.

ஐரோப்பிய ஒன்றியத்தில் 1998 முதலே புதிய கார்களுக்கு எலெக்ட்ரானிக் இமோபிலைசர் கட்டாயம். அதாவது சரியான சாவி இல்லாமல் இன்ஜின் ஓடாது. அப்படியிருக்க, ஸ்டீயரிங் பூட்டுக்குள் இரண்டாவது ரகசியத்தைப் புதைத்ததால் திருடனுக்குக் கூடுதலாக என்ன கஷ்டம் வந்ததோ, பழுது பார்ப்பவருக்கு வந்த கஷ்டம் கண்கூடு. தேய்ந்தே தீரும் ஒரு மோட்டாரையும் தேயவே கூடாத ஒரு ரகசியத்தையும் ஒரே பெட்டிக்குள் சீல் வைத்ததுதான் மெர்சிடிஸின் பிழை. கார்வெட் அந்தப் பிழையைச் செய்யவில்லை. அது செய்த பிழை, பூட்டு திறக்கும் முன் இன்ஜினை விட்டது. மெர்சிடிஸின் வரிசையும் கார்வெட்டின் எளிமையும் ஒரே காரில் அமைந்திருந்தால், மோட்டாரைக் கடையில் வாங்கி அரை நாளில் மாட்டிவிட்டுப் போயிருக்கலாம்.

இப்போது டபிள்யூ204 வைத்திருப்பவர்களுக்கும், செகண்ட் ஹேண்டில் வாங்க நினைப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. இந்தப் பழுது பெரும்பாலும் முன்னறிவிப்போடு வரும். சில நாள் முதல் முறையில் சாவி வேலை செய்யாது, இரண்டாம் மூன்றாம் முறையில் செய்யும். சாவியைச் செருகும்போது ஒருவர் ஸ்டீயரிங் தண்டின் அடியில் ரப்பர் சுத்தியலால் மெல்லத் தட்டினால் மோட்டார் கடைசியாக ஒருமுறை விழித்துக்கொள்வதும் உண்டு. அப்படி விழித்துக்கொண்டால் சாவியை வெளியே எடுக்காதீர்கள். சாவி உள்ளே இருக்கும்வரை லாக் பூட்டாது. அந்த நிலையிலேயே விவரம் தெரிந்த வொர்க்‌ஷாப்புக்கு ஓட்டிப் போய்விடுங்கள். திறந்த நிலையில் இருக்கும் லாக்கைக் கழற்றுவது சாதாரண வேலை. பூட்டிய நிலையில் செத்துவிட்டால் அதன் உறையில் சரியான இடம் பார்த்துத் துளையிட்டு நாக்கைத் தள்ள வேண்டியிருக்கும். ஏர்பேக் இருக்கும் இடம் என்பதால் பேட்டரியைக் கழற்றிச் சற்று நேரம் விடாமல் யாரும் அங்கே கை வைக்கக்கூடாது. வேலை முடிந்ததும் உள்ளே இருப்பது அசல் லாக்கா, மோட்டார் மாற்றிய லாக்கா, எமுலேட்டரா என்பதைப் பில்லில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.