எதிர்வீட்டு அழுகை

அவிநாசியின் பழம்பெயர் திருப்புக்கொளியூர். அங்கே ஒரே தெருவில் ஒரு வீட்டில் மங்கல ஒலி, எதிர்வீட்டில் அழுகுரல். சேர்ந்து குளிக்கச் சென்ற இரு சிறுவருள் ஒருவனை முன்னொருநாள் முதலை விழுங்கிற்று. தப்பியவனுக்கு இப்போது பூணூல் சடங்கு. அவ்வழி வந்த சுந்தரர் அழுகையின் காரணத்தைக் கேட்டறிந்து, பதிகம் பாடிப் பிள்ளையை மீட்டார் என்கிறது பெரிய புராணம். சைவ மக்கள் போற்றும் இந்நிகழ்ச்சியில் நம் நெஞ்சைத் தொடுவது, அவர் அழுகையைக் கேட்டு நின்றதே.

அதே கொங்கு மண்ணில், விசைத்தறி நகரான குமாரபாளையத்தில், 2021ஆம் ஆண்டு மீண்டும் ஓர் அழுகை எழுந்தது. ஒரு பெண் குழந்தைக்கு முதுகுத்தண்டு தசைநார்ச் சிதைவு நோய். மரபணுக் குறையால் நரம்பணுக்கள் அழிய, தசைகள் தளரும்; கொடிய வகையில் மூச்சும் தடுமாறும். குறையுற்ற மரபணுவின் பணியைச் செய்யும் மரபணுவை ஒரே முறையில் செலுத்தும் சோல்ஜென்ஸ்மா மருந்துக்கு 2019 மே மாதம் அமெரிக்கா ஒப்புதல் அளித்தது; அதுவும் இரண்டு வயதுக்கு உட்பட்டோருக்கே. விலையோ ஏறத்தாழ 16 கோடி ரூபாய்!

முகமறியாத மக்கள் அள்ளித் தந்தனர், தொகை சேர்ந்தது. ஆயினும் இறக்குமதி வரியாக மேலும் சுமார் 6 கோடி குறுக்கே நின்றது. அந்த ஜூலையில் நடுவண் அரசு அதனைத் தள்ளுபடி செய்தது. அதே மாதம் கேரளத்து மாட்டூலில் 18 கோடி கேட்ட ஒரு குடும்பத்துக்கு, ஒரு வாரத்திற்குள் 46 கோடிக்குமேல் குவிந்தது. செப்டம்பரில் சரக்கு-சேவை வரி மன்றம் இம்மருந்துக்கு விலக்களித்தது. 2023 ஏப்ரல் முதல், அரிய நோய்களுக்காகத் தனிநபர் தருவிக்கும் மருந்துகளுக்குச் சுங்கவரியும் நீங்கிற்று. மக்களின் இரக்கம் சட்டத்தையும் அசைத்தது.

எனினும் நாம் ஒன்றைச் சிந்திக்க வேண்டும். இரக்கம் கண்ணில் பட்ட முகத்தையே நாடிச் செல்லும். ஒரு குழந்தைக்குத் தேவைக்கு மேல் சேர, படம் பரவாத மற்றொரு குழந்தைக்கு நாட்கள் கழிந்துவிடும். அரிய நோய்களுக்கான அரசு உதவி 2022இல் 50 இலட்சமாக உயர்த்தப்பட்டது. 16 கோடியில் அது முப்பத்திரண்டில் ஒரு பங்கே.

வேறொரு வழியும் நம்மிடையே உண்டு. 1948ஆம் ஆண்டின் தொழிலாளர் அரசுக் காப்பீட்டுச் சட்டம் 1955இல் கோவைக்கு வந்தது. 2019 ஜூலை முதல் தொழிலாளி ஊதியத்தில் நூற்றுக்கு முக்கால் பங்கும், முதலாளி மூன்றேகால் பங்கும் செலுத்துகின்றனர். நோய் வந்தபின் கையேந்தாமல், வருமுன்னே பலர் சேர்ந்து சேமிக்கும் முறை இது. ஆனால் பதிவேட்டில் பெயரேறாத பனியன் தொழிலாளிக்கு இந்த நிழல் இல்லை.

எருசலேம் ஏழைகளுக்காகக் கொரிந்தியரிடம் நன்கொடை வேண்டிய புனித பவுலும், தாம் வந்தபின் திரட்ட வேண்டாம், வாரந்தோறும் ஒரு பகுதியை ஒதுக்கி வையுங்கள் என்றே அறிவுறுத்தினார். எதிர்வீட்டு அழுகைக்கு ஓடுவது அன்பு. அழுகை எழுமுன்னே, நம் பட்டறையில் உடன் உழைப்பவரின் பெயர் அந்தப் பதிவேட்டில் உள்ளதா என்று கேட்பதும் அன்பே.