வரி மேன்முறையீடு முடியுமுன் அறவீடு: நீதிமன்றம் எப்போது தடுக்கும்?

வரிக்கு எதிரான கிளர்ச்சி என்றதும் நினைவுக்கு வரும் ஊர் மாத்தளை. 1848இல் ஆளுநர் டொரிங்டன் துப்பாக்கிக்கும் நாய்க்கும் கடைக்கும் விதித்த வரிகளை எதிர்த்தவர்களுக்குக் கிடைத்த பதில் இராணுவச் சட்டம். பூரன் அப்பு அவ்வாண்டு ஓகஸ்ட் 8ஆம் திகதி கண்டியில் சுட்டுக்கொல்லப்பட்டார். இன்று முறையிட வழிகள் உண்டு. ஆனால் மேன்முறையீடு செய்துவிட்டாலே அறவீடு நின்றுவிடும் என்று பலரும் நம்புவதுதான் தவறு.

2017ஆம் ஆண்டின் 24ஆம் இலக்க உள்நாட்டு இறைவரிச் சட்டப்படி, மதிப்பீட்டை ஏற்காதவர் 30 நாட்களுக்குள் ஆணையாளர் நாயகத்திடம் நிர்வாக மீளாய்வு கோர வேண்டும். அதன் முடிவிலும் திருப்தியில்லையென்றால் 2011ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைந்த வரி மேன்முறையீட்டு ஆணைக்குழுவுக்குச் செல்லலாம். அங்கிருந்து சட்டப் பிரச்சினைகளின் மீது மேன்முறையீட்டு நீதிமன்றம். இதற்கெல்லாம் ஆண்டுகள் செல்லும். எனவே மேன்முறையீட்டோடு, பிணக்கிலுள்ள தொகையின் அறவீட்டை ஒத்திவைக்குமாறு திணைக்களத்திடம் தனியாக எழுத்தில் கேட்டு, கையளித்ததற்கான அத்தாட்சியையும் வைத்திருக்க வேண்டும்.

கேட்காமல் விட்டால் என்ன நடக்கும்? வங்கிக் கணக்கிலுள்ள பணத்தை அனுப்புமாறு வங்கிக்கே அறிவித்தல் போகலாம். அல்லது வரி செலுத்தத் தவறியவர் என்ற சான்றிதழ் நீதவானுக்கு அனுப்பப்படும். மாத்தளையில் வசிப்பவர் மாத்தளை நீதவான் முன்னிலையில் நிற்க நேரிடலாம். அங்கே வரி, நீதவான் விதித்த தண்டப்பணம் போலவே அறவிடப்படும், கட்டாவிட்டால் சிறை. கணக்கு சரியா பிழையா என்று ஆராய நீதவானுக்கு அதிகாரமில்லை. அங்கே போய் மதிப்பீட்டின் பிழைகளை விளக்கி நேரத்தை வீணாக்குவோர் ஏராளம். சொல்லக்கூடியவை வேறு: தொகை ஏற்கெனவே கட்டப்பட்டது, குறிப்பிடப்பட்ட ஆள் நானல்ல, அறவீடு ஒத்திவைக்கப்பட்டுள்ளது போன்றவை. தவணைமுறையில் கட்டவும் கேட்கலாம். காரணம் காட்ட வாய்ப்புத் தராமல் தண்டிக்க முடியாது என்பதை 1951ஆம் ஆண்டின் டி சில்வா எதிர் வருமான வரி ஆணையாளர் வழக்கு உறுதிப்படுத்தியது.

உண்மையான தடை வேண்டுமானால் கொழும்புக்குத்தான் போக வேண்டும். அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனுத் தாக்கல் செய்து, இடைக்காலத் தடை கோரலாம். மதிப்பீட்டில் சட்டப் பிழையோ அதிகார மீறலோ உள்ளதென மேலோட்டமாகவேனும் காட்ட வேண்டும். தடையில்லாவிட்டால் ஈடுசெய்ய முடியாத இழப்பு வரும் என்பதையும் காட்ட வேண்டும். பணக் கஷ்டம் மட்டும் போதாது. எதையாவது மறைத்தாலோ தாமதித்தாலோ மனு அடிபட்டுப் போகும். மேன்முறையீட்டு வழி இருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள் என்ற கேள்விக்கும் பதில் தேவை.

1983 ஜூலையில் எரிந்த கடைகளோடு கணக்குப் புத்தகங்களையும் இழந்தவர்கள், போரில் இடம்பெயர்ந்து முகவரி மாறியவர்கள் எல்லாருக்கும் தெரிந்த ஓர் இடர் உண்டு: கடைசியாகப் பதிவான முகவரிக்குத் தபாலில் வந்த அறிவித்தலே போதுமானதாகக் கொள்ளப்படலாம். அந்த 30 நாட்கள் பழைய வீட்டின் படலையிலேயே கழிந்துவிடும். புதிய முகவரியைத் திணைக்களத்துக்கு அறிவிப்பதற்குச் சட்டத்தரணி தேவையில்லை.