மூன்று எதிர்க்குரல்கள்: 1647 பட்னிப் படைமன்றம், ஒரு மறுவாசிப்பு

1647 கோடையில் இங்கிலாந்து நாடாளுமன்றத்தின் படை, தன்னை உருவாக்கிய நாடாளுமன்றத்துக்கே அடங்க மறுத்தது. காலாட்படைக்கு 18 வாரம், குதிரைப்படைக்கு 43 வாரம் சம்பளப் பாக்கி. அதைத் தீர்க்காமலேயே நாடாளுமன்றம் படையைக் கலைக்கப் பார்த்தது. ஜூன் 5 அன்று நியூமார்க்கெட் அருகே படை ஏற்ற உறுதிமொழி, ஒரு பொதுமன்றத்தை நிறுவியது. தளபதிகளோடு ரெஜிமெண்டுக்கு இரண்டு அதிகாரிகளும் இரண்டு சாதாரணச் சிப்பாய்களும் அதில் அமர்ந்தனர்.

இப்படையை அரசியலுக்கு இழுத்தவை சம்பளப் பாக்கியும் படையின் மானமுமே, அரசியல் சீர்திருத்தம் கோரிய லெவலர்கள் அல்லர் என்று வரலாற்றாசிரியர் மார்க் கிஷ்லான்ஸ்கி 1979இல் வாதிட்டார். தொடக்க மாதங்களைப் பொறுத்தவரை அதை மறுக்க இடமில்லை. ஆனால் 1981இல் எழுதிய கட்டுரையில், அந்தப் பொதுமன்றம் 1647 இலையுதிர்காலத்தில் லண்டன் அருகே பட்னியில் நடத்திய விவாதங்களையும் கருத்தொற்றுமை தேடிய அவையின் பேச்சாகவே வாசித்தார். கூட்டு வழிபாடு, குழு அமைத்தல், ஒற்றுமைக்காகப் படைத்தலைவர்களில் ஒருவரான குரோம்வெல் திரும்பத் திரும்ப விடுத்த வேண்டுகோள் எல்லாம் அந்த வாசிப்புக்குத் துணைநிற்கின்றன. ஒற்றுமை வேண்டும் என்று யார் கேட்டார்கள், யாரிடம் கேட்டார்கள் என்பதை அவர் போதிய அளவு எடைபோடவில்லை என்பதே என் மறுப்பு.

மன்றத்தின் செயலர் வில்லியம் கிளார்க்கின் சுருக்கெழுத்துக் குறிப்புகளைப் பாருங்கள். 1662 அளவில் படியெடுக்கப்பட்டு, ஆக்ஸ்ஃபோர்டின் வொர்செஸ்டர் கல்லூரியில் கிடந்த அவற்றைச் சி.எச். ஃபர்த் 1891இல் அச்சேற்றினார். உயர் அதிகாரிகளான குரோம்வெல், அயர்ட்டன், ரெயின்ஸ்பரோ ஆகியோர் பெயரோடு வருகிறார்கள். அக்டோபர் 28 அன்று எழுந்து பேசிய ஒருவருக்கோ பெயர் இல்லை. அவர் உடுத்தியிருந்த தடித்த தோல் அங்கியே பெயராகிறது: ‘பஃப் கோட்’. பிறகுதான் அவர் ராபர்ட் எவரார்ட் என்று தெரிகிறது. இன்னொருவர் கடைசிவரை ‘பெட்ஃபோர்ட்ஷயர் ஆள்’ மட்டுமே. நான்கு மாதமாக ஒரே மன்றத்தில் அமர்ந்தவர்கள் என்றால் பெயர் தெரிந்திருக்காதா? இவர்கள் அண்மையில் வந்த புதிய பிரதிநிதிகளாக இருக்கலாம் என்பதையும் மறுக்க முடியாது. அப்படியானால் என் வாதம் இன்னும் வலுக்கிறது: பழைய இணக்கத்துக்குக் கட்டுப்படாதவர்கள் அவைக்குள் நுழைந்துவிட்டார்கள்.

அடுத்த சான்று மெலிந்தது. நவம்பர் 11 தேதியிட்டு, சிப்பாய்ப் பிரதிநிதிகள் சிலர் தம் ரெஜிமெண்டுகளுக்கு அனுப்பிய அச்சுக் கடிதம். வேலைக்காரரும் பிச்சைக்காரரும் அல்லாத எல்லோருக்கும், அன்றைய வாக்குரிமைத் தகுதியான நாற்பது ஷில்லிங் ஆண்டு நில வருமானம் இல்லாவிட்டாலும், வாக்குரிமை உண்டு என்று மன்றம் வாக்கெடுத்து முடிவு செய்ததாம். எதிர்த்தவை மூன்றே குரல்களாம். கிளார்க்கின் ஏட்டில் இந்த வாக்கெடுப்பே இல்லை. கடிதத்தில் அதற்கு நாள் இல்லை. வாக்கெடுப்புக்குப் பிறகு விஷயம் குழுவுக்குப் போனதாக அது சொல்வதால், அக்டோபர் 29 என்பார் உண்டு. அன்றைய விரிவான குறிப்பில் அது காணாததால் நவம்பர் 4 என்பாரும் உண்டு. நான் பின்னதன் பக்கம் சாய்கிறேன். உறுதி சொல்ல மாட்டேன்.

ஒரு தரப்பின் கடிதம், மிகைப்படுத்தியிருக்கலாம் என்று ஒதுக்குவது எளிது. ஆனால் மிகைப்படுத்த விரும்பியவர் ‘அனைவரும் ஏற்றனர்’ என்றல்லவா எழுதியிருப்பார்? எதிர்த்தவர்களை எண்ணிச் சொல்கிறார் என்றால், அந்த அவையில் தலைகள் எண்ணப்பட்டன என்று பொருள். தலை எண்ணும் அவை, கருத்தொற்றுமை அவை அல்ல.

நவம்பர் 1க்குப் பிறகு கிளார்க்கின் விரிவான பதிவு நின்றுவிடுகிறது. அந்த மௌனத்தை இணக்கம் என்று வாசிக்க ஒரு நியாயமும் இல்லை. நவம்பர் 8 அன்று பிரதிநிதிகளை ரெஜிமெண்டுகளுக்குத் திருப்பி அனுப்பக் குரோம்வெல் முன்மொழிந்தார், மன்றம் ஏற்றது. நவம்பர் 15 அன்று வேர் ஊருக்கு அருகே, கார்க்புஷ் வெளியில், கீழ்ப்படியாத ரெஜிமெண்ட் ஒன்றின் சிப்பாய் ரிச்சர்ட் ஆர்னால்ட் படையின் முன்னே சுட்டுக் கொல்லப்பட்டார். 1648 ஜனவரி 8 அன்று வின்ட்சரில் கூடியதே சிப்பாய்கள் அமர்ந்த கடைசிக் கூட்டம். அதன்பின் கூடியது அதிகாரிகளின் மன்றம் மட்டுமே.