மானிடமிருந்து நீங்கியது எது?

நிலநடுக்கோட்டுக்கு அணித்தான இந்தியத் தீவொன்றில், மனித வாடையே அறியாத கானகத்தில் ஒரு பெண்மான் இறந்து கிடக்கிறது. அதன் பாலைக் குடித்து வளர்ந்த சிறுவன் அருகே நிற்கிறான். வழக்கமாக அழைக்கும் குரலில் அழைத்துப் பார்க்கிறான், பதில் இல்லை. கண்களை ஆராய்கிறான், செவிகளை ஆராய்கிறான், ஊனம் எதுவும் தென்படவில்லை. நேற்றுவரை இருந்த அதே கண்கள், அதே செவிகள், அதே கால்கள். ஆனால் தாய் மட்டும் அங்கே இல்லை. அப்படியானால் போனது எது? எங்கிருந்து போயிற்று? அதைப் பிடித்துத் திரும்ப வைத்துவிட முடியுமா?

ஸ்பெயின் நாட்டு முஸ்லிம் பேரறிஞர் அபூபக்ர் இப்னு துஃபைல் 12ஆம் நூற்றாண்டில் எழுதிய ‘ஹய்யு இப்னு யக்ளான்’ என்னும் கதையில் வரும் காட்சி இது. ‘விழித்திருப்பவனின் மகனாகிய உயிருள்ளவன்’ என்று அப்பெயருக்குப் பொருள். கிரனாடாவை அடுத்த வாதீ ஆஷில் பிறந்த இப்னு துஃபைல், முவஹ்ஹிதீன் கலீபா அபூ யஃகூப் யூசுபின் அரண்மனை வைத்தியராக இருந்து, ஹிஜ்ரி 581இல், அதாவது கி.பி. 1185இல் மராக்கிஷ் நகரில் மறைந்தார். இப்னு ருஷ்தைக் கலீபாவிடம் அழைத்துச் சென்று அறிமுகப்படுத்திய பெருமையும் அவருக்கு உண்டு. 1671இல் இக்கதை லத்தீனிலும், 1708இல் அரபியிலிருந்து நேரே ஆங்கிலத்திலும் வெளியாயிற்று. தனித்து வளரும் மனிதன் தன் அறிவாலேயே இறைவனைக் கண்டடையும் வரலாறு என்றே பலரும் இதனைப் போற்றுவர். அது சரிதான். ஆனால் அந்தப் பயணம் ஒரு பிணத்தின் அருகில்தான் தொடங்குகிறது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. நூலாசிரியர் வைத்தியராயிற்றே!

சிறுவன் என்ன செய்கிறான் என்று பார்ப்போம். வெளியுறுப்புகளில் குறையில்லை, ஆகவே குறை உள்ளேதான் இருக்கவேண்டும். கண்ணைப் பொத்தினால் பார்வை போகிறது, கையை எடுத்தால் திரும்புகிறது. அதுபோல் தாயின் உள்ளே ஏதோ ஒரு தடை ஏற்பட்டிருக்கிறது. அதை நீக்கிவிட்டால் அவள் எழுந்துவிடுவாள் என நம்புகிறான். தன் மார்பில் துடிக்கும் ஒன்றை உணர்ந்து, அதுவே தலைமை உறுப்பு என்று தீர்மானிக்கிறான். மார்பைத் திறந்தால் தாய்க்குத் தீங்கு நேருமோ என்றும் தயங்குகிறான். திறக்காவிட்டால் நம்பிக்கையே இல்லை, திறந்தால் சிறிதாவது உண்டு என்று துணிந்து, கூரிய கற்களாலும் காய்ந்த நாணற் சிம்புகளாலும் விலாவை அறுக்கிறான். நுரையீரலைக் கடந்து இருதயத்தை அடைகிறான். அதிலே இரண்டு அறைகள். வலது அறையில் உறைந்த இரத்தம். இடது அறை வெறுமையாக இருக்கிறது.

இரத்தம் உடம்பெங்கும்தான் இருக்கிறது. அடிபட்டுச் சிந்தினாலும் உயிர் போய்விடுவதில்லை. எனவே தான் தேடியது அந்த வெற்றறையில் இருந்திருக்கவேண்டும். அது குடிபெயர்ந்துவிட்டது என்று முடிவு செய்கிறான். அந்தக் கணத்தில் அவனுக்கு இன்னொன்றும் புரிகிறது. தன்னைப் பாலூட்டி வளர்த்தது, தன்மீது பரிவு காட்டியது, போய்விட்ட அந்த ஒன்றே. இந்த உடல் அதன் கருவி மாத்திரமே. பாசம் உடலைவிட்டு மாறிப் போனவளிடம் சென்று நிற்கிறது. பிறகு இரு காகங்கள் சண்டையிட்டு, வென்றது இறந்ததைக் குழி பறித்துப் புதைப்பதைக் கண்டு, தானும் தாயைப் புதைக்கிறான். ஆதம் நபியின் மக்கள் வரலாறு இங்கே நம் நினைவுக்கு வரும்.

கதை இத்துடன் நிற்கவில்லை. நெருப்பைக் கண்டறிந்த ஹய்யு, உயிருள்ளவற்றில் காணும் வெதுவெதுப்பு அதைச் சேர்ந்ததோ என ஐயுறுகிறான். உயிருள்ள விலங்கொன்றைக் கட்டிவைத்து இருதயத்தைத் திறக்கிறான். இடது அறையில் வெண்புகை போன்ற ஆவி. விரலை விட்டால் சுட்டுவிடும் போன்ற சூடு. அக்கணமே விலங்கு மாள்கிறது. கொடுமையான காரியந்தான், ஆசிரியர் அதை மறைக்கவும் இல்லை, மன்னிப்புக் கேட்கவும் இல்லை.

உயிரியலின் அடியில் கிடக்கும் பெருங்கேள்வி இதுவே. உயிர் என்பது உடம்புக்குள் தங்கியிருந்து பின் வெளியேறும் ஒரு பொருளா? அல்லது உடம்பின் பகுதிகள் ஒன்றோடொன்று இசைந்து இயங்கும் நிலைக்கு நாம் இட்ட பெயரா? முன்னதானால் அதைத் தேடிப் பிடிக்கலாம். பின்னதானால், ‘போனது எது’ என்ற கேள்வியே பிழையாகிவிடும். நின்றுபோன நடனம் எங்கே சென்றது என்று கேட்பது போலாகும்.

இப்னு துஃபைலின் வைத்திய அறிவு கிரேக்க ஹகீம் ஜாலீனூஸ் வழி வந்தது. இருதயத்தின் வலப்பக்க இரத்தம், நடுச்சுவரிலுள்ள கண்ணுக்குத் தெரியாத துளைகள் வழியே இடப்பக்கம் கசிந்து, அங்கே காற்றுடன் கலந்து ‘ரூஹ்’ என்னும் உயிராவி ஆகிறது. அது நாடிகள் வழியே உடலெங்கும் பரவி உயிரூட்டுகிறது என்பதே அவ்வழியில் வந்த பாடம். முஸ்லிம் வாசகருக்கு இங்கே ஒரு திடுக்கம் ஏற்படலாம். திருமறை கூறும் ரூஹும் வைத்தியர் கூறும் ரூஹும் ஒன்றுதானா?

இமாம் கஸ்ஸாலி (ரஹ்) இந்த முடிச்சை முன்னரே அவிழ்த்து வைத்திருந்தார்கள். ‘இஹ்யா’வில் கல்பின் விந்தைகளைப் பேசும் பகுதியில், ரூஹ் என்ற ஒரே சொல்லுக்கு இருவேறு பொருள் உண்டென்று காட்டுகிறார்கள். ஒன்று, இருதயத்தின் குழியில் தோன்றி நாடிகள் வழியே பரவும் நுண்ணிய ஆவி. வீட்டின் மூலை முடுக்கெல்லாம் சுற்றிவரும் விளக்கொளியை அதற்கு உவமையாக்குகிறார்கள். வைத்தியருக்கு வேண்டியது அது. மற்றொன்று, மனிதனிடம் அறிவதும் உணர்வதுமான நுட்பம். பனீ இஸ்ராயீல் அத்தியாயத்தில் கேள்வி கேட்டவர்களுக்கு விடையாகச் சொல்லப்பட்ட, ரப்பின் கட்டளையைச் சேர்ந்தது. கல்புக்கும் இவ்வாறே இரு பொருள் சொல்கிறார்கள். மார்பின் இடப்பக்கத்துத் தசைக்கட்டி விலங்குகளுக்கும் உண்டு, மய்யித்துக்கும் உண்டு. தம் பேச்சு அதைப் பற்றியதன்று என்கிறார்கள். கி.பி. 1111இல் மறைந்த இமாம் அவர்கள் இதனால் செய்தது பெரிய காரியம். முதல் ரூஹைப் பற்றி வைத்தியர் சொன்னது நாளை பொய்த்துப் போனாலும், இரண்டாவதற்கு ஒரு சேதமும் இல்லை.

அது பொய்த்தும் போயிற்று. பொய்ப்பிப்பதைத் தொடங்கி வைத்தவர் நம்மவரே.

திமிஷ்கில் கல்வி கற்றுக் காஹிராவில் வாழ்ந்த அலாவுத்தீன் இப்னு நஃபீஸ், ஷாஃபிஈ மத்ஹபின் பிக்ஹு ஆசிரியரும் தலைமை வைத்தியருமாவார். இப்னு ஸீனாவின் ‘கானூனி’லுள்ள உடற்கூற்றுப் பகுதிக்கு விரிவுரை எழுதியபோது, இருதயத்தின் நடுச்சுவர் தடித்தது, அதில் தெரியும் துளையும் இல்லை, தெரியாத துளையும் இல்லை என்று துணிந்து மறுத்தார். அப்படியானால் இரத்தம் எப்படி இடப்பக்கம் சேரும்? வலப்பக்கத்திலிருந்து நுரையீரலுக்குச் சென்று, அங்கே பரவி, காற்றுடன் கலந்து, பிறகே இடப்பக்கம் வரவேண்டும். ஐரோப்பாவில் இதனை செர்வேட்டஸ் எழுதியது 1553இல். ஹார்வி முழு இரத்த ஓட்டத்தையும் நிறுவியது 1628இல். 1288இல் காலமான இப்னு நஃபீஸின் இவ்வாய்வு மறக்கப்பட்டுக் கிடந்து, 1924இல் ஜெர்மனியில் பயின்ற எகிப்திய வைத்தியர் தத்தாவீயின் கண்ணில் கையெழுத்துப் பிரதியாய்ப் பட்டது.

நம் மீலாது மேடைகளில் இச்செய்தியை முழங்கக் கேட்டிருக்கிறோம். ‘ஹார்விக்கு முன்பே நாங்கள்!’ என்பதோடு பேச்சு முடிந்து கைத்தட்டல் எழும். எனக்கு அதில் நிறைவில்லை. இப்னு நஃபீஸ் தேடியது நாம் இன்று பொருள்கொள்ளும் இரத்த ஓட்டத்தை அன்று. இடது அறையில் உயிராவி எப்படி உண்டாகிறது என்பதையே அவர் தேடினார். தம் முடிவிலும் அந்த ஆவியைக் கைவிடவில்லை. ஷரீஅத்தின் தடையும் இயல்பான இரக்கமும் அறுவை ஆராய்ச்சியிலிருந்து தம்மை விலக்கின என்றும் அவரே எழுதியிருக்கிறார். தேடிய பொருள் இல்லாத ஒன்று. தேடிய வழியில் கிடைத்ததோ அழியாத உண்மை. தவறிய தத்துவக் கேள்வியும் சரியான விஞ்ஞானத்தைப் பெற்றுத் தரும் என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியவில்லை. கைத்தட்டுவதானால் இதற்கன்றோ தட்டவேண்டும்!

அவர் ஹய்யுவின் கதையையும் விட்டுவைக்கவில்லை. தாமும் ஒரு கதை எழுதினார். அதன் நாயகன் காமில், தீவொன்றின் குகையில் தாய் தந்தையின்றித் தோன்றி, விலங்குகளின் உறுப்புகளை ஆராய்ந்து, படைத்தவனை உணர்கிறான். ஆனால் அவனை அங்கேயே தனியே விட்டுவிட இப்னு நஃபீஸுக்கு மனமில்லை. மக்கள் கப்பலில் வருகிறார்கள்; ரொட்டியும் சமைத்த உணவும் ஆடையும் தருகிறார்கள்; மனிதன் கூட்டமாக வாழவேண்டியவன், ஆகவே சட்டம் வேண்டும், சட்டம் கொணரும் நபியும் வேண்டும் என்று காமில் உணர்கிறான். உடலோடு எழுப்பப்படுவதையும் நூலாசிரியர் அங்கே வாதித்து நிறுவுகிறார். உடம்பை வெறும் கருவி என்று ஒதுக்கிச் செல்லும் ஹய்யுவுக்கும் இவருக்கும் உள்ள வேறுபாடு சிறிதன்று.

நிற்க. உயிராவி பின்னர் என்னவாயிற்று? ஒரே வரியில் சொல்வதானால், பெயர் மாறி மாறி நெடுநாள் வாழ்ந்தது. உயிருள்ளவையே உண்டாக்க வல்லவை என நம்பப்பட்ட பொருள்களுள் ஒன்றான யூரியாவை 1828இல் வோலர் ஆய்வுக்கூடத்தில் செய்து காட்டினார். ஆயினும் 1891இல் ஜெர்மானியரான டிரீஷ், இரண்டாகப் பிளந்திருந்த கடல் முள்ளெலியின் கருவைக் குலுக்கிப் பிரித்தபோது, ஒவ்வொரு பாதியும் முழு உயிராகவே வளர்ந்தது. எந்த இயந்திரத்தைப் பாதியாக்கினால் இரண்டு முழு இயந்திரங்கள் ஆகும்? உள்ளே பருப்பொருளல்லாத ஒன்று ஆள்கிறது என்று அவர் முடிவு கட்டி, இறுதியில் தத்துவப் பேராசிரியராகவே ஆகிவிட்டார். 1953இல் வாட்சனும் கிரிக்கும் மரபுப்பொருளாகிய டி.என்.ஏ.யின் அமைப்பை வெளியிட்ட பின், ஒவ்வோர் உயிரணுவிலும் முழு வரைபடமும் எழுதப்பட்டிருக்கிறது என்பது தெளிந்து, டிரீஷின் வியப்புக்கு விடை கிடைக்கத் தொடங்கியது.

இன்னொரு சிறு காட்சி. 1702இல் ஹாலந்து நாட்டு லீவன்ஹூக், கூரைத் தண்ணீர்க் காலில் காய்ந்து கிடந்த தூசியில் நீர் ஊற்றினார். உலர்ந்து உருண்டு கிடந்த நுண்ணுயிர்கள் அசைந்து நீந்தலாயின. உலர்ந்திருந்தபோது அவற்றின் உயிர் எங்கே இருந்தது? ஒன்றும் வெளியேறவில்லை, ஒன்றும் உட்புகவில்லை, தண்ணீரைத் தவிர. ஹய்யு இதைக் கண்டிருந்தால் வெற்றறையைப் பற்றிய தன் முடிவை மறுபடி யோசித்திருப்பான்.

ஆக, இன்றைய உயிரியலார் உயிரைப் பொருளாக அன்றி இயக்க ஒழுங்காகவே காண்கின்றனர். ரப்பின் கட்டளையாகிய ரூஹைப் பற்றி அவர்களுடைய கருவிகள் ஆம் என்றும் சொல்லா, இல்லை என்றும் சொல்லா. கஸ்ஸாலி இமாம் போட்ட வேலி அப்படியே நிற்கிறது. ஆனால் ஓரிடத்தில் மட்டும் அந்த வேலியைத் தாண்டாமல் இருக்க முடிவதில்லை. அது மரணப்படுக்கை.

பண்டைய நாளில் மூச்சு நின்றால் இருதயம் நிற்கும். எல்லாம் சேர்ந்தே நிற்கும். செயற்கைச் சுவாசக் கருவி வந்த பின், மூளை முற்றிலும் அழிந்தவரின் மார்பும் ஏறி இறங்குகிறது, இருதயம் துடிக்கிறது, தொட்டால் சூடும் இருக்கிறது. ஹய்யு விரல் வைத்து உணர்ந்த அதே சூடு. 1986இல் அம்மானில் கூடிய சர்வதேச பிக்ஹு அகாதமி, இருதயமும் மூச்சும் மீளாமல் நிற்பது, அல்லது மூளையின் எல்லாச் செயல்களும் மீளாமல் நிற்பது, இரண்டில் எது நேரினும் மரணமே என்று தீர்மானித்தது. அடுத்த ஆண்டே மக்காவிலுள்ள ராபிதாவின் பிக்ஹு மன்றம், மூளைச் செயல் மீளாதென வைத்தியர் மூவர் உறுதி கூறினால் கருவியை அகற்றலாம், ஆனால் அகற்றிய பின் மூச்சும் இருதயமும் நிற்கும்வரை மரணம் என்று தீர்ப்பளிக்கலாகாது என்றது. இந்தியாவின் 1994ஆம் ஆண்டு உறுப்பு மாற்றுச் சட்டமோ, வைத்தியர் நால்வர் சான்றளிக்கும் மூளைத்தண்டு மரணத்தை ஏற்கிறது. ஆறு மணி நேர இடைவெளியில் சோதனை இருமுறை நடக்கவேண்டும்.

இது வெறும் கிதாபு விவகாரம் அன்று. விபத்தில் சிக்கிய ஒருவருக்கு லுஹர் வேளையில் மூளைச் சாவு உறுதியாகிறது என்று வைத்துக்கொள்வோம். செய்தி கேட்ட அவருடைய முதிய தந்தை அஸரில் மாரடைப்பால் மௌத்தாகிறார். மகனுடைய கருவி மஃரிபில் அகற்றப்பட்டு இருதயம் நிற்கிறது. தந்தைக்கு வேறு ஆண்மக்களும் உண்டு. அம்மான் தீர்மானப்படி மகன் தந்தைக்கு முன்னே இறந்தவர். அவருக்கு வாரிசுரிமை இல்லை, அவருடைய அநாதைப் பிள்ளைகளுக்குப் பாட்டனார் சொத்தில் பங்கும் இல்லை. மக்காவின் தீர்மானப்படி அவர் தந்தைக்குப் பின்னே இறந்தவர். தந்தையிடமிருந்து அவருக்கு வந்த பங்கு அந்தப் பிள்ளைகளுக்கும் இறங்கும். அவருடைய மனைவி இத்தா இருக்கத் தொடங்கும் வேளையும் லுஹரா மஃரிபா என்று கேட்டாகவேண்டும். மருத்துவமனை வராந்தாவில் நிற்கும் குடும்பத்தார், மஹல்லா இமாமைத் தொலைபேசியில் அழைத்துக் கேட்பது அதைத்தான்: எந்த நேரத்தை மௌத்து நேரம் என்று எழுதுவது?