இதுபோல் இன்னொரு நூல்



ஒரு கதைநூலை விரும்பிப் படித்து முடித்த மாணவன் அடுத்துக் கேட்பது ஒன்றே: "இதுபோல் இன்னொரு புத்தகம் இருக்கிறதா?" வாசிப்புப் பழக்கம் வேர்விடுவதும் பட்டுப்போவதும் இதற்குக் கிடைக்கும் விடையைப் பொறுத்தவை. இவ்விடையைத் தேடுவதையே வாழ்நாள் பணியாகக் கொண்ட தமிழர் ஒருவரை ஆசிரியர்களாகிய நாம் அறிந்திருத்தல் வேண்டும்.

சீர்காழியில் 1892-இல் பிறந்த எஸ். ஆர். ரங்கநாதன் நம்மைப் போன்ற ஓர் ஆசிரியரே. சைதாப்பேட்டை ஆசிரியர் கல்லூரியில் பயின்று, மங்களூரிலும் கோயம்புத்தூரிலும் சென்னையிலும் கணிதம் கற்பித்தார். 1924-இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் நூலகராகப் பொறுப்பேற்று, அவ்வாண்டே நூலகப் பயிற்சிக்காக இலண்டன் சென்றார்.

அமெரிக்கரான மெல்வில் டூயி 1876-இல் வெளியிட்ட தசமப் பகுப்பு முறை அப்போது பரவலாக இருந்தது. ஒரு நூல் பல பொருள்களைத் தொட்டுச் செல்லும்போது, முன்கூட்டியே வகுத்துவைத்த எண்களுள் அது அடங்குவதில்லை என்பதை ரங்கநாதன் கண்டார். இலண்டன் கடையொன்றில், சிறு துண்டுகளை வெவ்வேறு விதமாகப் பூட்டிப் பல பொம்மைகள் செய்யும் 'மெக்கானோ' விளையாட்டுக் கருவி அவருக்கு வழிகாட்டியது. நூலின் பொருளைக் கூறுகளாகப் பிரித்து, முக்காற்புள்ளியால் இணைக்கும் கோலன் பகுப்பு முறை அவ்வாறு பிறந்தது. 1933-இல் அது நூலாக வெளிவந்தது.

நூலடுக்கின் ஒழுங்கை அவர் நிழலுக்கு ஒப்பிட்டார். வாசகர் நாடிய பொருளுக்கே உரிய நூல்கள் நடுவே கருநிழல். அதனோடு உறவுடையவை இருமருங்கிலும் புறநிழல். அதற்கு அப்பாலுள்ளவை அயல். ஒன்றை எடுக்க நீளும் கை, அதன் உறவுகளையும் தொடவேண்டும். ஆனால், பூட்டிய அலமாரியில் எந்த ஒழுங்கும் பயன்தராது. ஆகவே, வாசகர் தாமே அடுக்குகளுக்கிடையே சென்று தேடும் உரிமையையும் அவர் தம் நூலகத்தில் வழங்கினார். ஒவ்வொரு நூலுக்கும் அதற்குரிய வாசகர் உண்டு என்பது, 1931-இல் அவர் வெளியிட்ட ஐந்து விதிகளுள் மூன்றாவது.

எனினும், அடுக்கு மட்டுமே போதாது. நம் நாட்டு எழுத்தாளர் ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' புதினத்தை ஒருவர் படித்து முடிப்பதாகக் கொள்வோம். டூயி முறையில் தமிழ்ப் புதினத்தின் இடம் 894.8113. அதே துயரத்தைக் கூறும் அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' அருகிலேயே கிடைக்கலாம். மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர்களும் உயிரைக் கொடுத்து 1942-43-இல் அமைத்த அந்த 415 கிலோமீட்டர்ப் பாதையின் வரலாறோ, 940.54 எனும் போர் வரலாற்று எண்ணில் வேறொரு மூலையில் இருக்கும். இரண்டுக்கும் இடையே எண் இல்லை. படித்த மனிதர் ஒருவர்தாம் பாலம். நூலையும் வாசகரையும் நேரில் இணைத்துவைக்கும் இப்பணியை நூலகரின் தலையாய கடமையாகவே ரங்கநாதன் கருதினார்.

முழுநேர நூலகர் இல்லாத தமிழ்ப்பள்ளிகளில் அக்கடமை நம்முடையது. தமிழ் நூல்கள் அனைத்தையும் 'தமிழ்' என்ற ஒரே அடுக்கில் குவித்துவைத்தால் மாணவன் எதைத் தேடுவான்? நாம் படித்த ஒவ்வொரு நூலின் பின்னட்டையிலும், "அடுத்து இதைப் படிக்கலாம்" என்று இரண்டு நூற்பெயர்களை எழுதி ஒட்டுவோம். ஜொகூர் ஆசிரிய நண்பர்களே, இப்பணிக்கு ஒரு துண்டுத் தாளும் சிறிது பசையும் போதும்.