டாக்டர் கத்யாலும் இ.எஸ்.ஐ. சந்தாவும்

1931 செப்டம்பர் 22. துறைமுகத் தொழிலாளர்கள் நெருக்கியடித்து வாழ்ந்த கிழக்கு லண்டனின் கேனிங் டவுனில், ஒரு டாக்டர் வீட்டு வாசலில் கூட்டம் தெருவை அடைத்து நின்றது. உள்ளே காந்தியும் சார்லி சாப்ளினும். இயந்திரங்களை ஏன் எதிர்க்கிறீர்கள் என்று கேட்டார் சாப்ளின். வீட்டுக்காரர் பெயர் சுனிலால் கத்யால். அந்தச் சந்திப்பைப் பற்றி எழுதுபவர்கள் அவரை ஒரு வரியில் கடந்துவிடுகிறார்கள். இந்திய ஆலைத் தொழிலாளியின் மருத்துவக் காப்பீட்டுக்கு முதல் தலைமை அதிகாரி அவர்தான்.

பஞ்சாபில் 1898இல் பிறந்தவர். லாகூரில் மருத்துவம் படித்து, வெப்பமண்டல நோய்களைப் பற்றிப் படிக்க லிவர்பூல் போனவர், லண்டனிலேயே தங்கிவிட்டார். லேபர் கட்சியில் சேர்ந்து லண்டனின் ஃபின்ஸ்பரி நகரமன்றத்துக்குத் தேர்வானார். பொதுச் சுகாதாரக் குழுவின் தலைவரும் ஆனார்.

அங்கே அவர் முன்னின்று எழுப்பிய சுகாதார மையம் 1938இல் திறக்கப்பட்டது. வரைந்தவர் கட்டடக் கலைஞர் லுபெட்கின். காசநோய், பல், பாதம், தாய்-சேய் எல்லாவற்றுக்கும் ஒரே கூரை. வீட்டில் பூச்சி மருந்தடிக்கும்போது குடும்பம் தங்கிக்கொள்ள அறைகள்கூட உண்டு. பிரிட்டனின் தேசிய சுகாதாரச் சேவை பிறக்க இன்னும் பத்தாண்டு இருந்தது. அதே 1938இல் கத்யால் ஃபின்ஸ்பரி மேயரானார். தெற்காசியர் ஒருவர் அந்நாட்டில் மேயரானது அதுவே முதல்முறை.

1948இல் இந்தியா திரும்பி, இ.எஸ்.ஐ. எனப்படும் தொழிலாளர் அரசுக் காப்பீட்டுக் கழகத்தின் முதல் தலைமை இயக்குநரானார். திட்டம் அவருடையதல்ல. பேராசிரியர் அடார்க்கர் 1944இல் தந்த அறிக்கையில் முளைத்தது அது. அம்பேத்கர் அப்போது வைஸ்ராயின் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் துறை உறுப்பினர். 1948 ஏப்ரலில் சட்டமும் வந்துவிட்டது. ஆனால் சட்டம் டிஸ்பென்சரியைத் திறந்துவிடாதே!

முட்டுக்கட்டை, காப்பீட்டுக்காக முதலாளியும் தொழிலாளியும் கட்ட வேண்டிய சந்தாவில் இருந்தது. நாடு முழுவதும் ஒரே நாளில் தொடங்க முடியாது. திட்டம் முதலில் வரும் கான்பூரின் ஆலை சந்தா கட்டி, வேறு ஊர் ஆலை கட்டாவிட்டால் கான்பூர் துணிக்கு மட்டும் அடக்கவிலை கூடும். முதலாளிகளின் முணுமுணுப்பு என்றாலும் இதில் நியாயம் இருந்தது. 1951 திருத்தம் பாரத்தைப் பங்கிட்டது: திட்டம் வந்த ஊர்களில் முதலாளி சம்பளத் தொகையில் 1.25 சதவீதம், வராத ஊர்களில் 0.75 சதவீதம். சிகிச்சை எட்டாத ஊரிலும் முதலில் வசூல் என்பது துணிச்சலான ஏற்பாடுதான்.

1952 பிப்ரவரி 24 அன்று கான்பூரில் நேரு தொடங்கிவைத்தார். கான்பூர், டெல்லி இரண்டிலுமாகச் சுமார் 1,20,000 தொழிலாளர்கள். மாதம் 400 ரூபாய் வரை சம்பளம் வாங்குபவர்களுக்கே இடம். தினக்கூலி ஒரு ரூபாய்க்குக் குறைந்தவர் தன் பங்குச் சந்தா கட்ட வேண்டாம். நோயில் படுத்தால் ஏறக்குறைய அரைச் சம்பளம், ஆண்டுக்கு எட்டு வாரம்.

ஃபின்ஸ்பரியில் தாய்க்கும் சேய்க்கும் கதவு திறந்தவரின் காலத்தில், இங்கே தொழிலாளியின் மனைவி மக்களுக்கு மருந்து இல்லை. பணம் போதாது என்பதே காரணம். 1953இல் கத்யால் பதவி விலகினார். 1955இல் திட்டம் கோயம்புத்தூர் ஆலைகளுக்கு வந்தது. குடும்பத்தாருக்குச் சிகிச்சை 1958இல் தொடங்கியது. கத்யால் பின்னாளில் லண்டனுக்கே திரும்பி, 1978இல் அங்கேயே காலமானார்.