பேரிளம்பெண்ணுக்கு அப்புறம்

உலா இலக்கியம் நடத்தும் வகுப்பில் ஏழு பருவப் பெயர்களையும் கரும்பலகையில் எழுதிப்போடுவது என் வழக்கம். பேதை, பெதும்பை, மங்கை, மடந்தை, அரிவை, தெரிவை, பேரிளம்பெண். ஐந்து வயதில் தொடங்கும் பட்டியல் நாற்பதில் முடிந்துவிடும். இரண்டாண்டுகளுக்கு முன் இளங்கலை மாணவி ஒருத்தி எழுந்து, "நாப்பதுக்கு அப்புறம் என்ன பேரு மேடம்?" என்று கேட்டாள். வகுப்பு சிரித்தது. நானும் சிரித்தேன். எனக்கு அப்போது நாற்பத்தைந்து.

முனைவர் பட்டத்தை நான் முடித்தபோது எனக்கு நாற்பத்தொன்று. இரண்டு பிள்ளைகள், மாமனாரின் நீண்ட படுக்கை, ஒப்பந்தப் பணி எல்லாவற்றுக்கும் இடையில் எழுதி முடித்த ஆய்வேடு. அதன்பின் போன ஒரு நேர்காணலில் தேர்வுக் குழுவினர் ஆய்வைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்கவில்லை. "இந்த வயசுல சேர்ந்து எத்தனை வருஷம் வேலை பார்க்கப் போறீங்க?" என்பது மட்டுமே கேள்வி. அந்தக் கேள்வி உள்ளே கிடந்ததால்தான் இந்தக் குதிரையின் கதை எனக்குள் அப்படித் தங்கிவிட்டது என்று நினைக்கிறேன்.

பந்தயத்தில் பணம் கட்டிய அனுபவமோ குதிரை ஏறிய அனுபவமோ எனக்கில்லை. குதிரை என் படிப்புக்குள் ஒரு சொல்லாக மட்டுமே வந்தது. தொல்காப்பிய மரபியல் குதிரை, கழுதை, ஒட்டகம், மரை இவற்றின் பெண்பாலுக்குப் 'பெட்டை' என்ற பெயரை உரிமையாக்குகிறது. இலக்கணத்தில் பிழையற்ற சொல். தெருவில் அது என்ன ஆயிற்று என்பதை நம் எல்லோருக்கும் தெரியும். ஒரு பெண்ணை இழிவுபடுத்தவும், ஆணைப் பெண்ணென்று சொல்லி இழிவுபடுத்தவும் இன்று அந்தச் சொல்லே போதும். இந்தக் கட்டுரை ஒரு பெட்டைக் குதிரையைப் பற்றியது. ஆஸ்திரேலியாவில் ஓடிய மகைபி டீவா.

'அது' என்று எழுத வேண்டியதை 'அவள்' என்றே எழுதப்போகிறேன். உவப்பினால் அஃறிணையை உயர்திணையாகச் சொல்வதற்கு நம் இலக்கணமே இடம் கொடுத்திருக்கிறது.

1999 மார்ச் 21 அன்று இங்கிலாந்தின் சாமர்செட் பகுதியில் அவள் பிறந்தாள். தந்தை 1997இல் ஐரிஷ் டெர்பி வென்ற டெசர்ட் கிங். தாய் டுகேலா. தெற்கு ஆஸ்திரேலியாவின் போர்ட் லிங்கன் துறைமுகத்தில் சூரை மீன் தொழில் செய்துவந்த டோனி சான்டிக், நியூமார்க்கெட் ஏலத்தில் டுகேலாவைச் சினையாக வாங்கியிருந்தார். பிறந்த பெண்குட்டியை அங்கேயே ஏலத்துக்குக் கொண்டுபோனார்கள். எதிர்பார்த்த விலை வரவில்லை. விற்காத குட்டியை ஆஸ்திரேலியாவுக்குக் கொண்டுபோவது என்று முடிவாயிற்று.

பெயர் வைத்த கதை முக்கியமானது. சான்டிக்கின் நிறுவனத்தில் வேலை செய்த ஐந்து பெண்களின் பெயர்களிலிருந்து தலா இரண்டு ஆங்கில எழுத்துகளை எடுத்துக் கோத்துச் செய்த பெயர் அது. வரிசையாகச் சேர்த்தால் மகைபி டீவா. எந்த மொழியிலும் பொருள் தேட வேண்டியதில்லை. அது ஓர் அலுவலகத்தின் வருகைப் பதிவேடு. பின்னாளில் ஒரு லட்சம் பேர் மைதானத்தில் எழுந்து நின்று கத்திய பெயர், சம்பள வேலைக்குப் போன ஐந்து பெண்களுடைய பெயர்களின் முதல் துண்டுகள்.

அடுத்து அவளுடைய வயதுக் கணக்கு. பந்தயக் குதிரைகளுக்குத் தனித்தனிப் பிறந்தநாள் கிடையாது. வட கோளத்தில் எல்லாக் குதிரைக்கும் ஜனவரி 1 அன்று ஒரு வயது கூடும். தென் கோளத்தில் ஆகஸ்ட் 1 அன்று கூடும். குட்டிகள் பிறக்கும் வசந்த காலம் இரண்டு கோளங்களிலும் வேறு வேறு மாதங்களில் வருவதால் இந்த ஏற்பாடு. வடக்கே மார்ச்சில் பிறந்து தெற்கே போன மகைபி டீவா, தன்னைவிட ஏறக்குறைய அரை ஆண்டு மூத்த குதிரைகளோடு ஒரே வயதாகக் கணக்கிடப்பட்டாள். நான்கைந்து வயதில் பள்ளியில் சேரும் குழந்தைகளுக்குள் ஆறு மாத வித்தியாசம் எவ்வளவு பெரிது என்று தாய்மார்களுக்குத் தெரியும். குதிரைக்கு அது இன்னும் பெரிது.

அதைவிடப் பெரிய இடர் சந்தையின் அவசரம். குதிரைக்குத் தீனி, பயிற்சி, லாயம் எல்லாம் பணம். போட்ட பணம் சீக்கிரம் திரும்ப வேண்டும் என்பதால் இரண்டு வயதுக் குட்டிகளையே பெரிய பரிசுப் பந்தயங்களில் இறக்குகிறார்கள். சிட்னியில் நடக்கும் கோல்டன் ஸ்லிப்பர் அப்படி ஒன்று. 1957இலிருந்து இரண்டு வயதுக் குதிரைகளுக்கென்றே நடக்கிறது. தூரம் 1,200 மீட்டர். குறைந்த தூர வேகத்துக்கு அந்த வயது போதும். 3,200 மீட்டர் ஓடும் குதிரைக்கு எலும்பும் தசையும் மூச்சும் நிதானமாக முதிர வேண்டும். ஆனால் நிதானமாக முதிர்கிறவளுக்கு யார் காத்திருப்பார்கள்?

மகைபி டீவாவுக்குக் காத்திருந்தார்கள். விற்காமல் போனவள் என்பதால் பணம் போட்டவர்களின் அவசரம் அவள் முதுகில் இல்லை. வளர்த்தவரே உடைமையாளர். பயிற்சியாளர் டேவிட் ஹால் அவளை இரண்டு வயதில் ஓட்டவில்லை. 2002 ஜூலை 29 அன்று விக்டோரியா மாநிலத்தின் பெனால்லா என்ற சிற்றூரில் முதன்முதலாக ஓடினாள். நான்காவதாக வந்தாள். அந்த நாளில் அவளைப் பார்த்த யாரும் அவளைப் பற்றி ஒரு வரிகூட எழுதியிருக்க மாட்டார்கள். அதன்பின் தொடர்ந்து ஆறு பந்தயங்களை வென்றாள். ஆறாவது, அந்த ஆண்டு நவம்பரில் ஃப்ளெமிங்டனில் நடந்த குயின் எலிசபெத் ஸ்டேக்ஸ். தூரம் கூடக்கூட அவள் வலுவும் கூடியது.

அந்த ஃப்ளெமிங்டன்தான் மெல்போர்ன் கோப்பை நடக்கும் இடம். 1861இலிருந்து நடக்கும் பந்தயம். நவம்பர் முதல் செவ்வாய்க்கிழமை மெல்போர்ன் நகரத்துக்கே விடுமுறை. இது 'ஹேண்டிகேப்' முறையில் நடப்பது. வல்ல குதிரைக்குக் கூடுதல் எடை, வலுக் குறைந்ததற்குக் குறைந்த எடை. ஜாக்கியின் எடையும் சேணமும் சேர்ந்து குறிப்பிட்ட அளவுக்கு வராவிட்டால் ஈயத்தகடுகளைச் சேர்த்துக் கட்டுவார்கள். எல்லாக் குதிரைகளையும் ஒரே கோட்டுக்குக் கொண்டுவந்து நிறுத்துவதுதான் நோக்கம். வென்றவளுக்கு அடுத்த ஆண்டு பரிசு, கூடுதல் சுமை.

2003 நவம்பர் 4. மகைபி டீவாவுக்கு 51 கிலோ. ஜாக்கி க்ளென் பாஸ். வென்றாள். இரண்டாவதாக வந்த ஷீஸ் ஆர்ச்சியும் பெண்குதிரைதான். அடுத்த ஆண்டு சிட்னி கோப்பையும் அவளுக்கே. டேவிட் ஹால் ஹாங்காங்குக்குப் போய்விட, லீ ஃப்ரீட்மேன் பொறுப்பேற்றார்.

2004 நவம்பர் 2. மழையில் நனைந்த தரை. 55.5 கிலோ. மீண்டும் வென்றாள்.

2005 தொடக்கத்தில் ஆஸ்திரேலியன் கப், பிஎம்டபிள்யூ இரண்டையும் வென்றாள். ஜப்பானுக்குப் போய் ஓடிய இரண்டு பந்தயங்களிலும் முதல் மூன்றிடங்களுக்குள் வரவில்லை. திரும்பி வந்து அக்டோபரில் 2,040 மீட்டர் காக்ஸ் ப்ளேட்டை வென்றாள். மூன்றாவது மெல்போர்ன் கோப்பைக்கு அவளுக்கு விதித்த எடை 58 கிலோ. முதல் ஆண்டைவிட 7 கிலோ அதிகம். அதுவரை எந்தப் பெண்குதிரையும் அவ்வளவு சுமந்து இந்தக் கோப்பையை வென்றதில்லை. 2005 நவம்பர் 1 அன்று, பிறந்து ஆறரை ஆண்டுகள் ஆகியிருந்த மகைபி டீவா அதைச் சுமந்துகொண்டு வென்றாள். ஆணோ பெண்ணோ, மூன்று முறை மெல்போர்ன் கோப்பையை வென்ற குதிரை வேறு இல்லை. அன்றே ஓய்வும் அறிவிக்கப்பட்டது. மொத்தம் 36 ஓட்டங்கள், 15 வெற்றிகள், ஒரு கோடியே நாற்பத்தைந்து லட்சம் ஆஸ்திரேலிய டாலர் பரிசுப் பணம்.

இந்த இடத்தில் கைதட்டிவிட்டு எழுந்துபோவது எளிது. ஆனால் அதே மைதானத்தில் மனிதப் பெண்களின் வரலாறு என்ன என்று கேட்க வேண்டும்.

1876இல் ப்ரைசீஸ் என்ற மூன்று வயதுப் பெண்குதிரை இந்தக் கோப்பையை வென்றது. 1938இல் கேட்டலாக் என்ற குதிரை வென்றது. அதற்குப் பயிற்சி கொடுத்தவர் நியூசிலாந்தைச் சேர்ந்த திருமதி மெக்டொனால்ட். விக்டோரியாவில் பெண்களுக்குப் பயிற்சியாளர் உரிமம் கிடையாது என்பதால் பதிவேட்டில் அவர் கணவர் பெயர் ஏறியது. ஒரு பெண் இந்தப் பந்தயத்தில் முதன்முதலாக ஜாக்கியாக ஓட்டியது 1987இல்; அவர் மரீ லிண்டன். பயிற்சியாளர் என்று பதிவேட்டில் ஒரு பெண்ணின் பெயரோடு கோப்பை வந்தது 2001இல். அவர் ஷீலா லாக்ஸன். அவருடைய எதீரியலும் பெண்குதிரை. பெண் ஜாக்கி ஒருவர் கோப்பையை வென்றது 2015இல். அவர் மிஷெல் பெய்ன். பெண்களுக்கு வலு போதாது என்று நினைத்தவர்களுக்கு அவர் வெற்றி பெற்ற கையோடு தொலைக்காட்சியிலேயே பதில் சொன்னார். ஆக, பெண்குதிரை வென்ற 125 ஆண்டுகள் கழித்து வென்ற பெண் பயிற்சியாளரின் பெயர் ஏட்டில் ஏறுகிறது. 139 ஆண்டுகள் கழித்து ஜாக்கியின் பெயர். பெட்டைக்கு ஓட அனுமதி இருந்தது. அவள்மேல் ஒருவர் பணம் கட்டலாம், அவளை விற்கலாம், வாங்கலாம். கடிவாளத்தைப் பிடிக்க வந்த பெண்ணுக்குத்தான் கதவு சாத்தியிருந்தது.

இன்னொரு கேள்வியும் இருக்கிறது. மகைபி டீவாவை நம் வெற்றியின் அடையாளமாகச் சொல்லிக்கொள்ள எனக்கு உரிமை உண்டா? அவள் ஓட ஒப்புக்கொண்டவள் அல்ல. அவளுக்குச் சம்பளம் இல்லை. சாட்டை உண்டு. 2014 மெல்போர்ன் கோப்பை முடிந்த சில மணி நேரத்துக்குள் அட்மயர் ரக்தி, அரால்டோ என்ற இரண்டு குதிரைகள் செத்துப்போயின. 2020இல் ஆன்டனி வான் டைக் என்ற குதிரை கால் முறிந்து, ஊசி போட்டுக் கொல்லப்பட்டது. இவற்றை விட்டுவிட்டு மூன்று வெற்றிகளை மட்டும் பேசினால் நான் சொல்வது வரலாறாகாது, விளம்பரமாகும்.

ஓய்வுக்குப் பின்னும் அவளை விடவில்லை. ஓடி முடித்த பெண்குதிரையைப் பார்த்து எழுகிற முதல் கேள்வி, எந்த ஆண்குதிரையோடு சேர்ப்பது என்பதுதான். ஒரு பேர்பெற்ற ஆண்குதிரைக்கு ஒரே பருவத்தில் நூறு குட்டிகளுக்கு மேல் பிறக்கலாம். பெண்குதிரை பதினொரு மாதம் சுமந்து, ஆண்டுக்கு ஒரு குட்டிதான் போட முடியும். அவளும் குட்டிகள் போட்டாள். நல்ல விலைக்குப் போன குட்டிகளும் உண்டு. எதுவும் தாயின் ஓட்டத்தைத் தொடவில்லை. அப்போது எழுதியவர்களின் குரலில் இருந்த ஏமாற்றத்தை நாம் வேறு வீடுகளிலும் கேட்டிருக்கிறோம். பெண் எதைச் சாதித்தாலும் கடைசியில் என்ன பெற்றாள் என்பதில் வந்து நிற்கும் கணக்கு அது. மூன்று கோப்பைகள் போதாதா?

எனவே அவளை நான் அடையாளமாக எடுத்துக்கொள்ளவில்லை. அவள் வாழ்க்கையிலிருந்து இரண்டு செய்திகளை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். ஒன்று, ஏட்டில் இருந்த வயது அவள் உடம்பின் வயது அல்ல. இன்னொன்று, அவள் முதிரும்வரை காத்திருக்க ஆட்கள் இருந்தார்கள். இரண்டாவதைத்தான் நாம் பேசாமல் விட்டுவிடுகிறோம். தாமதமாக வந்து வென்ற பெண்ணைப் பார்த்து "என்ன மன உறுதி!" என்கிறோம். அவளுக்காக யார் காத்திருந்தார்கள், யார் பணம் கட்டினார்கள், யார் பிள்ளையைப் பார்த்துக்கொண்டார்கள் என்று கேட்பதில்லை. நான் ஆய்வேட்டை எழுதி முடித்த இரண்டு கோடை விடுமுறைகளிலும் என் பிள்ளைகளைத் தன் வீட்டில் வைத்துக்கொண்டவள் என் அக்கா. பன்னிரண்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்தப்பட்டவள். அவளுக்காக யாரும் காத்திருக்கவில்லை. என் பட்டச் சான்றிதழில் அவள் பெயரின் இரண்டு எழுத்துகூட இல்லை.

சென்ற பருவத்தில் மீண்டும் உலா நடத்தினேன். ஏழு பெயர்களையும் எழுதிவிட்டு, எட்டாவதாக என்ன எழுதலாம் என்று மாணவிகளிடமே கேட்டேன். ஒருத்தி 'தலைமையாசிரியை' என்றாள். இன்னொருத்தி 'பாட்டி' என்றாள். கடைசி வரிசையிலிருந்து ஒரு குரல், "எங்கம்மா இப்பதான் மேடம் டைப்ரைட்டிங் கிளாஸ் சேர்ந்திருக்காங்க. நாப்பத்தி மூணு வயசு. அவங்களுக்கு என்ன பேரு வைக்கலாம்?" என்றது.

"அம்மா பேரு என்ன?" என்று கேட்டேன். சொன்னாள். எட்டாவது வரியில் அந்தப் பெயரை முழுமையாக எழுதினேன்.